அடியா, தாங்கலா: பாக்ஸ்2டி லைட்டின் ‘ஆர்பிட்டர்’ கோப்பை முன்வைத்து

இருபரிமாண விளையாட்டுகளுக்கான இயற்பியல் நிரலகங்களின் வரலாற்றை எழுதுவோர் பெரும்பாலும் ஒரே வழித்தடத்தைப் பின்பற்றுகின்றனர். 1996இல் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் பிரயன் மிர்ட்டிச் அளித்த முனைவர் பட்ட ஆய்வேட்டில் தொடங்கி, 2006ஆம் ஆண்டு விளையாட்டு உருவாக்குநர் மாநாட்டில் எரின் காட்டோ ஆற்றிய உரை, அதனுடன் வெளிவந்த ‘பாக்ஸ்2டி லைட்’ என்னும் சிறு மூலநிரல் என்று வந்து, 2007இல் முழு வடிவம் பெற்ற பாக்ஸ்2டியில் முடிக்கின்றனர். அந்த ஆய்வேட்டுக்கும் பாக்ஸ்2டிக்கும் நடுவில் பாலமாக நிற்பது ‘கணத்தாக்கு’ (இம்பல்ஸ்) என்ற சொல். காட்டோ தம் முறைக்கு ‘தொடர் கணத்தாக்குகள்’ என்று பெயரிட்டார்; மிர்ட்டிச்சின் முறை ‘கணத்தாக்குவழி உருவகப்படுத்தல்’ எனப்பட்டது. ஆகவே காட்டோவின் முறை மிர்ட்டிச்சுடையதன் வாரிசு என்பது முடிவு. பெயரை விட்டுவிட்டு நிரலைப் படித்தால் இந்த முடிவு நிற்காது என்பதே என் வாதம்.

முதலில் மிர்ட்டிச்சுக்கு உரிய இடத்தைக் கொடுத்துவிட வேண்டும். உருவகப்படுத்தும் முறைகளை அவர் இரண்டு குடும்பங்களாகப் பிரித்தார். தொட்டு நிற்கும் பொருட்களுக்கிடையே ‘ஊடுருவக் கூடாது’ என்ற கட்டுப்பாட்டை எழுதி, அதைக் காக்கும் விசைகளைச் சமன்பாடுகளாகத் தீர்ப்பது ஒன்று. டேவிட் பாராஃப் 1994இல் வெளியிட்ட கட்டுரை இவ்வகை. எல்லாத் தொடர்பையும் மோதலாகவே பார்ப்பது மற்றொன்று; இது மிர்ட்டிச்சும் அவருடைய ஆசிரியர் ஜான் கேனியும் முன்வைத்தது. மேசைமேல் அசையாமல் இருக்கும் புத்தகம்கூட இவர்கள் கணக்கில் கண்ணுக்குத் தெரியாத நுண்மோதல்களால் தாங்கப்படுகிறது. எந்த மோதல் முதலில் நிகழும் என்று கணித்து, கால வரிசைப்படி ஒவ்வொன்றாக அதைத் தீர்ப்பது அவர்கள் வழி. அமுக்கம், மீட்சி என்னும் இரு கட்டங்களும், மோதியபின் எவ்வளவு துள்ளும் என்பதைச் சொல்லும் மீட்சிக் குணகமும் அதில் இன்றியமையாதவை. மூட்டுகள் நிறைந்த அமைப்புகளுக்கு இவ்வழி சிரமம் என்பதை அவரே உணர்ந்து, இரு குடும்பங்களையும் கலந்த ஒரு வழியையும் அதே ஆய்வேட்டில் ஆராய்ந்தார். நேர்மையான ஆய்வு; அதன் பிரிப்பு அக்காலத்துக்குப் பொருந்தியது. பத்தாண்டு கழித்து எழுதப்பட்ட ஒரு கோப்பை அந்தப் பெட்டிகளில் ஒன்றில் திணிக்கும்போதுதான் சிக்கல்.

இனி ‘ஆர்பிட்டர்.சிபிபி’ என்ற அந்தக் கோப்பு. இரு பொருட்கள் தொடும்போது அவற்றுக்கிடையிலான தொடுபுள்ளிகளை வைத்திருப்பது ஆர்பிட்டர். அதில் ‘அப்ளை இம்பல்ஸ்’ என்ற செயற்கூறு, ஒவ்வொரு தொடுபுள்ளியிலும் சார்பு திசைவேகத்தைக் கண்டு, தேவையான செங்குத்துக் கணத்தாக்கைக் கணிக்கிறது. அடுத்த சில வரிகளில் நிரல் இரண்டு கிளைகளாகப் பிரிகிறது. ‘திரட்டல்’ என்னும் மாறி இயங்கினால், புதிய கணத்தாக்கு ஏற்கெனவே திரண்டிருக்கும் கணத்தாக்குடன் கூட்டப்பட்டு, அந்தக் கூட்டுத்தொகை சுழிக்குக் கீழே போகாமல் தடுக்கப்படுகிறது. இயங்காவிட்டால், தனித்தனிக் கணத்தாக்கு ஒவ்வொன்றும் சுழிக்குக் கீழே போகாமல் தடுக்கப்படுகிறது.

வேறுபாடு ஒரு வரிதான். பொருளோ முற்றிலும் வேறு. தரையில் நிற்கும் ஒரு பெட்டிக்கு இடமும் வலமுமாக இரண்டு தொடுபுள்ளிகள் என்று கொள்வோம். முதல் சுற்றில் இடப்புள்ளி 5 அலகு தள்ளிவிடுகிறது. வலப்புள்ளியும் தன் பங்கைத் தந்தபின், இடப்புள்ளி 2 அலகு அதிகம் தள்ளிவிட்டது என்று இரண்டாம் சுற்றில் தெரிகிறது. கணக்கு −2 என்று வருகிறது. முதல் கிளையில் 5 என்பது 3 ஆகத் திருத்தப்படும். இரண்டாம் கிளையில் −2 சுழியாக வெட்டப்பட்டு, 5 அப்படியே நின்றுவிடும்.

அடி என்பது கொடுத்தால் கொடுத்ததுதான். திரும்பப் பெற முடியாது. முதல் கிளையில் திருத்தப்படுவதோ அடியன்று, விடையின் மதிப்பீடு. கட்டுப்பாட்டு விசை எவ்வளவு என்ற கேள்விக்குச் சுற்றுக்குச் சுற்று நெருங்கிச் செல்லும் விடை அது. அந்த விடை அடுத்த காலப்படியின் தொடக்க மதிப்பாகவும் எடுத்துச் செல்லப்படுகிறது. மோதலைச் சேமித்து வைத்து மறுபடி பயன்படுத்துவது என்பதற்கு மிர்ட்டிச்சின் அமைப்பில் பொருளே இல்லை.

இன்னும் வலுவான சான்று, கோப்பில் இல்லாத ஒன்று. பாக்ஸ்2டி லைட்டில் பொருளுக்கு நிறை உண்டு, உராய்வு உண்டு. மீட்சிக் குணகம் கிடையாது. கால வரிசை தேடுதலும் கிடையாது: நொடிக்கு 60 என்ற நிலையான காலப்படி, அதற்குள் 10 சுற்றுகள், அவ்வளவே. மூட்டுகளும் தொடுபுள்ளிகளும் ஒரே சுழற்சிக்குள் தீர்க்கப்படுகின்றன. மோதலின் அடையாளங்கள் அனைத்தையும் விட்டுவிட்ட ஒன்றை மோதல் குடும்பத்தில் எப்படிச் சேர்ப்பது?

அதன் உண்மையான முன்னோடி அதிகத் தொலைவில் இல்லை. ‘காலத் தொடர்ச்சியுடன் கூடிய மறுசெய்கை இயக்கவியல்’ என்ற பொருளில் தலைப்பிட்டு 2005இல் காட்டோவே எழுதிய கட்டுரை அது. அங்கே கட்டுப்பாட்டு விசைகளைக் குறிக்கும் லக்ராஞ்சு பெருக்கிகள், அணிகள், சமன்பாடுகளை ஒவ்வொன்றாகத் திரும்பத் திரும்பத் தீர்க்கும் காஸ்-சைடல் முறை எல்லாம் வெளிப்படையாக உள்ளன. 2006 உரை அதே தீர்வைத்தான் தருகிறது. அணிகளை மட்டும் களைந்திருக்கிறது. ஏன் களைந்தார் என்பதற்கு நேரடிச் சான்று குறைவு. ஆனால் உரை கேட்ட அவையைப் பாருங்கள்: வந்திருந்தவர்கள் விளையாட்டு நிரலர்கள். நேரியல் இயற்கணிதத்தைக் கண்டு ஒதுங்குபவருக்குக்கூட ‘கணத்தாக்கு’ பள்ளிக்கூடத்துப் பழக்கம். பெயர் மாறியது கற்பித்தலுக்காக என்றே கொள்கிறேன். முறை மாறியதாகக் கொள்ள ஒரு வரியும் இடம் தரவில்லை.

அப்படியானால் இரண்டாம் கிளை எதற்கு? அதுவே மிர்ட்டிச்சின் எச்சம் என்று ஒருவர் வாதிடலாம். அதையும் ஏற்பதற்கில்லை. அதிலும் மீட்சி இல்லை, காலப்படியும் நிலையானதே. மேலும், பாக்ஸ்2டி லைட்டுடன் வரும் செயல்விளக்கத்தில், விசைப்பலகையின் ‘ஏ’ எழுத்தை அழுத்தினால் திரட்டல் நின்று இந்தக் கிளை இயங்குகிறது. அடுக்கிய பெட்டிகள் தடுமாறுவதைக் கண்ணால் காணலாம். செய்யக்கூடாததைக் காட்ட வைத்த பாடம் இது. அது சுட்டுவது ஆய்வேட்டை அல்ல. தொடுபுள்ளிக்கு ஓர் அடி என்று எழுதிவந்த அன்றைய நிரலர்களின் கைப்பழக்கத்தைத்தான்.

காலக்கணிப்பில் ஒரு தயக்கம் உண்டு. கோப்பின் தலைப்பிலுள்ள காப்புரிமை வரி 2006இல் தொடங்கி ஆண்டு வரம்பாக நீள்கிறது. ஆகவே இந்த இரு கிளைகளும் உரை நிகழ்ந்த 2006 மார்ச்சிலேயே இருந்தனவா, பின்னர் சேர்ந்தனவா என்பதை அந்த வரியைக் கொண்டு தீர்மானிக்க இயலாது. திரட்டல் பற்றிய விளக்கம் உரையின் படவில்லைகளிலேயே இருப்பதால் கருத்து அந்த ஆண்டுக்குரியது என்று சொல்லலாம். நிரல்வரிக்கு அதே உறுதியைத் தர மாட்டேன்.

பிந்தைய வழக்குகள் முதல் கிளையையே தொடர்ந்தன. ஸ்காட் லெம்ப்கே சி மொழியில் எழுதிய சிப்மங்க் நிரலகத்தில் ‘ஆர்பிட்டர்’ என்ற பெயரும் திரட்டும் வரியும் சேர்ந்தே வாழ்கின்றன. முழு வடிவம் பெற்ற பாக்ஸ்2டியில் மீட்சிக் குணகம் உள்ளே வந்துவிட்டது. ஆனால் அது தொடக்கத்தில் கணிக்கப்படும் ஓர் இலக்குத் திசைவேகமாக மட்டுமே வந்தது. பின்னர் 2ஆம் பதிப்பு வரிசையில், இரு தொடுபுள்ளிகளை ஒருசேர எடுத்து, சாத்தியமான எல்லா நிலைகளையும் சோதித்துத் தீர்க்கும் பகுதியும் சேர்ந்தது. அது பாராஃப் பக்கத்துக் கணிதம். 2024இல் சி மொழியில் மாற்றி எழுதப்பட்ட 3ஆம் பதிப்பில் தீர்ப்பானின் அமைப்பு பெரிதும் மாறியும், பழையதுடன் கூட்டிச் சுழியில் தடுக்கும் அந்த வரி அப்படியே இருக்கிறது.

இங்கிருந்து இன்னும் பின்னே செல்ல ஆசை எழும். பிரான்சின் மொன்பெலியேயில் மொரோவும் மிஷேல் ழானும் துகள்பொருள் ஆய்வுக்காக உருவாக்கிய தொடர்பு இயக்கவியல், கணித அளவில் இதற்கு மிக நெருக்கம். அங்கும் தொடுபுள்ளிக்குத் தொடுபுள்ளி காஸ்-சைடல் சுழற்சிதான். ஆனால் மிர்ட்டிச் விஷயத்தில் பெயர் ஒற்றுமையை வம்சாவளியாக ஏற்க மறுத்துவிட்டு, இங்கே கணித ஒற்றுமையை மட்டும் வம்சாவளியாக ஏற்பது முறையாகாது. 2005 கட்டுரைவரை கோடு இழுக்கலாம். அதற்கு அப்பால் புள்ளிக்கோடுதான்.