ராமசாமி பொரித்த கட்லெட்

போன ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டில் ஷ்னிட்சல் செய்தார்கள். எலும்பில்லாத பன்றிக்கறியை மெல்லிசாக அரிந்து, தட்டி இன்னும் மெல்லிசாக்கி, உப்பும் மிளகுத்தூளும் தடவி, மைதாவில் புரட்டி, அடித்த முட்டையில் முக்கி, ரஸ்க் தூளில் உருட்டிப் பொரிப்பது. தூளை அழுத்தி ஒட்டக்கூடாது, எண்ணெயும் தாராளமாக இருக்கவேண்டும். அப்போதுதான் மேல்தோல் உப்பும். பக்கத்தில் விரல்நீளத்துக்கு வெட்டிப் பொரித்த உருளைக்கிழங்கு. மேலே ஊற்ற, வெண்ணெயும் பாலேடும் இடித்த மிளகும் சேர்ந்த ஒரு குழம்பு. ஆஸ்திரியாவில் ‘வியன்னா ஷ்னிட்சல்’ என்று சொல்லி விற்கக் கன்றுக்குட்டி இறைச்சிதான் இருக்கவேண்டுமாம். பன்றி என்றால் பன்றி என்று சொல்லிவிட வேண்டும்.

பெயர்தான் புதுசு. பண்டம் நம் பக்கத்துக்கு எப்போதோ வந்துவிட்டது, கட்லெட் என்ற பெயரில். நமக்கு இன்று கட்லெட் என்றால் ரயிலில் விற்கும் உருளைக்கிழங்கு வடை. அந்தச் சொல் பிரெஞ்சுக்காரர்களுடையது. விலா எலும்போடு வெட்டிய கறித்துண்டுக்குப் பெயர். வெள்ளைக்காரர் வீடுகளில் அதை ரொட்டித்தூளில் புரட்டிப் பொரித்தவர்கள் நம் ஆட்கள்.

1878-இல் சென்னையில் ஒரு சமையல் புத்தகம் வந்தது. எழுதியவர் கென்னி ஹெர்பர்ட் என்ற ராணுவ அதிகாரி. ‘வைவர்ன்’ என்ற புனைபெயர். மதராஸ் துரைமார் வீடுகளில் ஐரோப்பியச் சாப்பாடு ஒழுங்காக நடக்கவேண்டும் என்பது அவர் கவலை. அதில் சமையற்காரருக்கு அவர் வைத்த பெயர் ராமசாமி. ஒருவருக்கு அல்ல, எல்லாருக்கும் அதே பெயர். ராமசாமியிடம் இதைச் சொல்லுங்கள், ராமசாமி இப்படித்தான் செய்வான் என்று போகும். ஆனாலும் மனிதர் நியாயஸ்தர். பங்களாவுக்குப் பின்னால் இருட்டும் புகையுமான ஒரு கொட்டடியைச் சமையலறை என்று கொடுத்துவிட்டு, சமையற்காரனைத் திட்டிப் பயனில்லை என்று தம் இனத்தாரையே கடிந்துகொள்கிறார். ஓய்வுபெற்று லண்டன் போன பிறகு சமையல் பள்ளியும் நடத்தினார். ராமசாமிகளுக்கு அந்த மாதிரி எதுவும் நடக்கவில்லை.

அவர் தனியாக எடுத்துப் பேசும் ஒரு பண்டம் ‘முள்ளிகட்டானி’. வேறொன்றுமில்லை, நம் மிளகுத்தண்ணிதான். ஏழைகள் சோற்றில் ஊற்றிப் பிசைந்தது, கறியும் எலும்புச்சாறும் சேர்ந்து துரை மேஜையில் சூப்பாக உட்கார்ந்தது. அந்த மாற்றத்தைச் செய்த முதல் கை யாருடையது? தமிழ்ப்பெயர் மட்டும் இங்கிலீஷ் அகராதிக்குள் போய்விட்டது, அந்தக் கைக்குரியவர் பெயர் போகவில்லை.

மிளகு நமக்கு மேற்கே தெரிகிற மலைத்தொடரின் சொத்து. மலைக்கு அந்தப்புறம் மரத்துக்கு மரம் கொடி ஏறியிருக்கும். கி.பி. 408-இல் ரோமாபுரியை முற்றுகையிட்ட அலாரிக், விலகிப்போகக் கேட்ட பொருள்களில் தங்கம், வெள்ளியோடு 3000 ராத்தல் மிளகும் உண்டு. மிளகாய் அப்போது நம்மிடம் கிடையாது; அமெரிக்கக் காய், போர்த்துக்கீசியர் காலத்தில் வந்தது. மிளகைப்போல் உறைக்கிற காய் என்று அதற்குப் பெயர் வைத்தோம். உருளைக்கிழங்கும் அதே அமெரிக்காவிலிருந்து வந்ததுதான். ஆக அந்த ஞாயிற்றுக்கிழமைத் தட்டில் நம் மண்ணுக்கு ஆதியிலிருந்தே சொந்தமானவற்றில் ஒன்று, சீமைக்குழம்பில் கிடந்த அந்த மிளகு.

உங்கள் குடும்பத்தில் தாத்தாவோ பாட்டனோ மலைத் தோட்டத்துப் பங்களாவிலோ மதராஸிலோ பட்லராக இருந்திருந்தால், அவர் பெயரும் ஊரும் அவர் கைப்பக்குவத்தில் ஒன்றும் எனக்கு எழுதுங்கள். ராமசாமி என்றே இருந்தாலும் சரி.