கோடாரி காத்த காடு

லண்டனின் வடகிழக்கு ஓரத்தில் எப்பிங் காடு இருக்கிறது. நகர ரயிலில் ஏறி லௌட்டன் நிலையத்தில் இறங்கினால் நடந்தே போய்விடலாம். ஏறக்குறைய 6,000 ஏக்கர். உள்ளே நுழைந்ததும் மரங்கள் கொஞ்சம் விநோதமாகத் தெரியும். ஆள் உயரத்துக்குச் சற்று மேல் வரைக்கும் பீப்பாய் மாதிரி தடித்த அடிமரம், அதற்கு மேல் ஒரே இடத்திலிருந்து பெரிய பெரிய கிளைகள் கொத்தாகக் கிளம்பியிருக்கும். பீச், ஹார்ன்பீம், ஓக் என்று இப்படிப்பட்ட கிழட்டு மரங்கள் மட்டும் ஏறக்குறைய 50,000 இருக்கின்றன.

நம்ம ஊரில் முருங்கையைக் கழித்து விடுவதைப் பார்த்திருப்பீர்கள். அதே வேலைதான். தண்டை விட்டுவிட்டு மேலே இருக்கிற கிளைகளை மட்டும் வெட்டுவார்கள். மாடும் மானும் எட்டாத உயரத்தில் புதுக்கிளை துளிர்க்கும். பத்துப் பதினைந்து வருடம் கழித்து மறுபடி வெட்டலாம். ஊருக்கு விறகு கிடைக்கும், கீழே மாடு மேயும், மரமும் சாகாது. சொல்லப்போனால், சும்மா விட்ட மரத்தைவிடக் கவாத்து செய்த மரம் அதிக காலம் வாழும். தலைப்பாரம் இல்லாததால் காற்று அதைச் சாய்ப்பது கடினம்.

1600க்கு முன்பிருந்தே தொடர்ந்து காடாக இருக்கும் நிலத்தை இங்கிலாந்தில் ‘பழங்காடு’ என்று வகைப்படுத்துகிறார்கள். பழங்காடு என்றதும் மனிதக் கை படாத காடு என்றுதான் நமக்குத் தோன்றும். எப்பிங்கின் பழமையோ மனிதக் கை பட்டுப் பட்டு வந்தது.

அந்தக் கைகளுக்கு உரிமையும் இருந்தது. இடைக்கால இங்கிலாந்துச் சட்டத்தில் ‘ஃபாரஸ்ட்’ என்றால் அரசனின் வேட்டைச் சட்டம் செல்லுபடியாகும் நிலம் என்று பொருள். மான் அரசனுக்கு. மண் பண்ணையாருக்கு. மேய்ச்சலும் விறகும் ஊராருக்கு. லௌட்டனில் நவம்பர் 11 தொடங்கி ஏப்ரல் 23 வரை கிளை வெட்டலாம். முதல் நாள் நள்ளிரவிலேயே வெட்டைத் தொடங்காவிட்டால் உரிமை போய்விடும் என்பது ஊர் நம்பிக்கை. ஒரு வருடம் அந்த இரவில் பண்ணையார் ஊராருக்கு விருந்து வைத்துக் குடிக்கவும் கொடுத்தார், நேரத்தை மறக்கட்டும் என்று. தாமஸ் வில்லிங்கேல் என்ற கூலித் தொழிலாளி மட்டும் நழுவிப் போய் ஒரு கிளையை வெட்டிக்கொண்டு வந்து நின்றார். ஊரில் வழங்கும் கதை இது. நடந்ததோ இல்லையோ, ஊர் எதற்குப் பயந்தது என்பது இதில் தெரிகிறது.

பயத்துக்குக் காரணம் இருந்தது. பக்கத்தில் இருந்த ஹைனால்ட் காட்டின் காட்டுத் தகுதியை 1851ல் ஒரு சட்டம் நீக்கியது. சில ஆண்டுகளில் அதன் பெரும்பகுதியை வேரோடு பிடுங்கி விளைநிலமாக்கிவிட்டார்கள். எப்பிங்கிலும் அரசு தன் வேட்டை உரிமைகளைப் பண்ணையார்களுக்கு விற்றது. அவர்கள் வேலி போடத் தொடங்கினார்கள். லௌட்டன் பண்ணையாரான மெய்ட்லண்ட் ஒரு பாதிரியார். அவர் ஆயிரம் ஏக்கருக்கு மேல் வளைத்தார். வேலியைப் பொருட்படுத்தாமல் கிளை வெட்டியதற்காக 1866ல் வில்லிங்கேல் குடும்பத்து ஆட்கள் சிறைக்குப் போனார்கள். முதியவர் வில்லிங்கேல் பண்ணையார் மேல் வழக்குப் போட்டார். அதற்கு முந்தைய ஆண்டு லண்டனில் உருவாகியிருந்த பொதுநிலப் பாதுகாப்புச் சங்கம் துணைக்கு வந்தது. 1870ல் அவர் இறந்தார். வழக்கும் அவரோடு முடிந்தது.

அடுத்து வந்தது லண்டன் மாநகராட்சி. அதற்கு அந்தப் பகுதியில் ஒரு கல்லறைத் தோட்டம் இருந்தது. நிலம் இருந்ததால் மேய்ச்சல் உரிமையும் இருந்தது. அந்த உரிமையைப் பிடித்துக்கொண்டு 1871ல் மாநகராட்சி வழக்குத் தொடுத்தது. 1851க்குப் பிறகு போட்ட வேலிகள் சட்டவிரோதம் என்று 1874ல் நீதிபதி ஜெசல் தீர்ப்பளித்தார். 1878ல் எப்பிங் காட்டுச் சட்டம் வந்தது. 1882 மே 6 அன்று விக்டோரியா ராணி நேரில் வந்து காட்டைத் தன் மக்களுக்கென்று அர்ப்பணித்தார்.

இந்த இரண்டு ஆண்டுகளையும் நாம் வேறொரு இடத்தில் படித்திருக்கிறோம். 1878ல்தான் இந்திய வனச் சட்டம் வந்தது. காடுகளில் கிராமங்களுக்கு உரிமை உண்டு என்று வாதாடிச் சென்னை மாகாணம் அதை ஏற்கத் தயங்கியது. கடைசியில் 1882ல் அதுவே தனிச் சட்டம் போட்டது. மேய்ச்சலும் விறகும் வனத்துறை அனுமதிக்குள் போயின. அதே ராணியின் ஆட்சியில், அங்கே காடு மக்களுக்குத் திறந்தது, இங்கே மூடியது. எளிதாகக் கோபப்படலாம்.

ஆனால் எப்பிங்கிலும் முழுக்கத் திறந்துவிடவில்லை. உலாவ வருகிற லண்டன்வாசிக்குக் காடு கிடைத்தது. கிளை வெட்டியவர்களுக்கு அந்த உரிமை போனது. ஈடாக 7,000 பவுண்டு கொடுத்தார்கள். அதில் 1884ல் ஊருக்கு ஒரு மண்டபம் கட்டினார்கள். பேர் ‘லாப்பிங் ஹால்’, கிளைவெட்டு மண்டபம். எந்த உரிமைக்காகச் சிறை போனார்களோ, அது கட்டடத்தின் பெயராக மிஞ்சியது.

காட்டின் இயல்பான தோற்றத்தைக் காக்கணும் என்றது சட்டம். எது இயல்பு? கோடாரி நின்றதும் கிளைகள் வருடாவருடம் பருத்தன. பீச் இலைக்கூரை மூடிக்கொண்டது. வெயில் தரையைத் தொடாமல் போக, புல்வெளியும் ஹீதர் புதர்களும் சுருங்கின, அவற்றை நம்பியிருந்த பூச்சிகளும்தான். நூறாண்டுப் பாரம் தாங்காமல் அடிமரங்கள் நடுவில் பிளக்க ஆரம்பித்தன. அந்த அடிமரங்களின் பொந்துகளிலும் உளுத்த கட்டையிலும்தான் அரிய வண்டுகளும் பூஞ்சைகளும் குடியிருக்கின்றன. மரம் பிளந்தால் அந்த வீடும் போச்சு.

இப்போது மறுபடி வெட்டுகிறார்கள். வெட்டி நூறு வருடத்துக்கு மேல் ஆன பீச்சை ஒரேயடியாக மொட்டை அடித்தால் பட்டுப்போய்விடும். அதனால் பல ஆண்டுகளில், கொஞ்சம் கொஞ்சமாகக் குறைக்கிறார்கள். இள மரங்களையும் புதிதாகக் கவாத்துக்குப் பழக்குகிறார்கள். நீளக்கொம்பு மாடுகளைக் கொண்டுவந்து மேயவிட்டிருக்கிறார்கள். அன்று ஊரார் தங்கள் அடுப்புக்காகச் செய்ததை இன்று சம்பளம் கொடுத்து, திட்டம் போட்டுச் செய்யவேண்டியிருக்கிறது.

எல்லாக் காட்டுக்கும் இது பொருந்தும் என்று சொல்லவரவில்லை. மேய்ச்சலால் அழிந்த காடுகளும் உண்டு. ஆனால் 2022ல் சென்னை உயர் நீதிமன்றம் தமிழ்நாட்டுக் காடுகள் அனைத்திலும் மாடு மேய்க்கத் தடை விதித்து, சில நாட்களில் அதைத் தேசியப் பூங்காக்கள், சரணாலயங்கள், புலிகள் காப்பகங்கள் என்று சுருக்கியபோது, மலைமாடு மேய்ப்பவர்கள் கேட்ட கேள்வி லௌட்டன்காரர்களுக்குப் புரிந்திருக்கும். எந்தக் காட்டில், எத்தனை மாடு, எந்த மாதத்தில் என்று யார் சொல்வது? தடை போடுவதற்கு முன்னால் அந்தக் காட்டில் இதுவரை யார் என்ன செய்துகொண்டிருந்தார்கள் என்று கேட்டுப் பார்க்கலாம். எப்பிங்கில் அதைக் கேட்க நூறு வருடம் ஆகிவிட்டது. அதற்குள் சொல்லத் தெரிந்தவர்கள் யாரும் மிச்சமில்லை. மரங்களில் இருந்த பழைய வெட்டுத் தழும்புகளைப் பார்த்துத்தான் கற்றுக்கொள்ளவேண்டியிருந்தது.