கூடிக் கற்றலும் தன்னுதவியும்: சாமுவேல் ஸ்மைல்ஸ் நூலின் தோற்றுவாய்

தன்முன்னேற்ற நூல்களின் வரலாற்றை எழுதுவோர் பலர் 1859ஆம் ஆண்டிலிருந்து தொடங்குவர். சாமுவேல் ஸ்மைல்ஸ் எழுதிய 'செல்ஃப் ஹெல்ப்' அவ்வாண்டில் லண்டன் ஜான் மர்ரி பதிப்பகத்தின்வழி வெளிவந்தது. முதல் ஆண்டிலேயே 20,000 படிகள் விற்றன. ஆயினும் நூலின் வேர் அதற்குப் பதினான்கு ஆண்டுகள் முந்தியது.

ஸ்மைல்ஸ் (1812-1904) ஸ்காட்லாந்தில் பிறந்து எடின்பரோவில் மருத்துவம் பயின்றவர். பின்னர் 'லீட்ஸ் டைம்ஸ்' இதழின் ஆசிரியராகி, வாக்குரிமை விரிவாக்கத்திற்காக வாதிட்டார். அந்நகரின் எளிய இளைஞர் சிலர் குளிர்கால மாலைகளில் ஒன்றுகூடித் தமக்குள் கற்பித்துக்கொண்டனர். முதலில் ஒரு குடிசையின் அறை, கோடையில் ஒரு தோட்டவீடு. கூட்டம் பெருகவே வாடகைக்கு ஓர் அறை எடுத்தனர். அது முன்பு காலரா நோயாளிகளுக்கான தற்காலிக மருத்துவமனையாக இருந்தது. தொற்றுக்கு அஞ்சிப் பிறர் எவரும் எடுக்காத அவ்விடமே இவர்களுக்குக் கிடைத்தது. சிறிது அறிந்தவர் அதனினும் குறைவாக அறிந்தவருக்குக் கற்பித்தார். எழுத்தும் கணக்கும் தொடங்கி வேதியியல் வரை பாடங்கள் நீண்டன. ஏறத்தாழ நூறு பேர் சேர்ந்தபின் ஸ்மைல்சை உரையாற்ற அழைத்தனர். 1845இல் நிகழ்ந்த அவ்வுரைகளே நூலின் கரு. இச்செய்திகளை நூலின் முன்னுரையில் அவரே தருகிறார்.

இங்கே கவனிக்கத்தக்கது ஒன்றுண்டு. அவ்விளைஞர் எவரும் தனியாக முன்னேற முயலவில்லை. அறையும் ஆசிரியப் பணியும் அனைவருக்கும் பொது. நூலிலோ குயவர், பொறியாளர், கண்டுபிடிப்பாளர் எனத் தனியாள் வரலாறுகளே நிறைந்துள்ளன. சங்கம் முன்னுரையோடு நின்றுவிடுகிறது. வாக்குரிமைக்காக வாதிட்ட இதழாசிரியரின் நூலில் அரசியல் கோரிக்கை பின்தள்ளப்பட்டதும் இதனோடு சேர்த்து நோக்கத்தக்கது. கூட்டு முயற்சியிற் பிறந்த நூல் தனிமனிதப் புகழ்மாலையாக வாசிக்கப்பட்டதற்கு வாசகரை மட்டும் குறைகூற இயலாது.

ஸ்மைல்ஸ் வாசகரையே குறைகூறினார். 1866ஆம் ஆண்டுப் பதிப்பின் முன்னுரையில், தலைப்பை மட்டும் பார்த்தோர் இதனைத் தன்னலத்தின் புகழுரையாகக் கருதிவிட்டனர் என வருந்தினார். தலைப்பை மாற்றக் காலம் கடந்துவிட்டது என்றும் ஒப்புக்கொண்டார். ஐந்தாண்டுகள் கழித்து, 1871இல், கன்பூசியக் கல்வியில் தேர்ந்த நகமுரா மசனாவோ அந்நூலை ஜப்பானிய மொழியில் பெயர்த்து வெளியிட்டார். அதன் முதன்மைத் தலைப்பில் 'தன்னுதவி' என்னும் சொல் இல்லை. 'மேலைநாடுகளில் மனவுறுதி பூண்டோர் வரலாறு' என்பதே அதன் பொருள்.