கண்ணாடி விளக்கும் அதைத் துலக்கிய கைகளும்

பினாங்குத் தீவின் தலைநகராகிய ஜார்ஜ் டவுனில், கடற்கரைப் பக்கத்திலிருந்து நகரின் உட்பகுதி நோக்கி நீண்டு செல்லும் சூலியா தெரு, 1786-ஆம் ஆண்டில் பிரான்சிஸ் லைட் அங்குக் குடியேற்றத்தை நிறுவிய காலந்தொட்டே தமிழர் கால் பதிந்த இடமாகும். சோழமண்டலக் கரையிலிருந்து கப்பலேறி வந்தவர்களை, அவர்களுள்ளும் சிறப்பாகத் தமிழ் முஸ்லிம்களை, அக்காலத்து ஆவணங்கள் சூலியர் எனக் குறிக்கின்றன. காதர் முகைதீன் முன்னின்று 1801-இல் தொடங்கிய கப்பித்தான் கிளிங் பள்ளிவாசல் இத்தெருவுக்கு மிக அருகில் உள்ளது. நாகூர் ஆண்டவர் நினைவாக எழுந்த தர்காவோ இத்தெருவிலேயே நிற்கிறது. மிளகும் பாக்கும் துணியும் கைமாறிய கதையை வரலாற்றாசிரியர் பலர் எழுதியுள்ளனர். கடை அடைத்த பின் அத்தெருவாசிகள் எந்த விளக்கின் ஒளியில் கணக்கு எழுதினர், அந்த விளக்கை மறுநாட் காலையில் யார் துலக்கினர் என்பது அவ்வளவாக எழுதப்படவில்லை. விளக்கின் வரலாறு ஏற்றுபவரின் வரலாறாகவே எழுதப்பட்டுவிட்டது. துடைப்பவருக்கும் அதில் ஒரு பங்குண்டு.

சங்கப் புலவர் இந்தப் பங்கை மறக்கவில்லை. நெடுநல்வாடையில் வரும் அரண்மனை விளக்கு வெறும் அகலன்று. யவனர் செய்த பாவையொன்று தன் கையில் ஏந்திய தகளி அது. அழகுக்காகவும் ஒளிக்காகவும் சேர்த்துச் செய்யப்பட்ட விளக்கை அன்றே தமிழர் கண்டிருந்தனர். முல்லைப்பாட்டின் பாசறையிலோ, அவிந்துபோகும் விளக்குகளுக்கு நெய் வார்த்துத் திரி கொளுத்தி நடமாடும் மங்கையரைப் புலவர் நமக்குக் காட்டுகிறார். போருக்கு வந்த மன்னனின் கூடாரத்தில், விளக்கைப் பேணும் கையும் பாட்டில் இடம்பெறத் தக்கதெனக் கருதிய நுண்மை பாராட்டற்குரியது.

அந்த விளக்குகள் உலோகத்தாலோ மண்ணாலோ ஆனவை. கண்ணாடித் தொழிலும் தமிழருக்குப் புதிதன்று. அரிக்கமேட்டில் அகழ்ந்தெடுக்கப்பட்ட சிறு கண்ணாடி மணிகளின் இனத்தைச் சேர்ந்தவை பினாங்குக்கு நேர் எதிர்க்கரையில், கெடா மாநிலத்துச் சுங்கை மாஸ் என்னுமிடத்திலும் ஏராளமாகக் கிடைத்துள்ளன. ஆயினும் மணி உருக்கும் தொழில் வேறு. சுடரைச் சூழ்ந்து நிற்கும் மெல்லிய கூண்டை ஊதிச் செய்யும் தொழில் வேறு. பின்னது மேலை நாட்டிலிருந்து கப்பலில் வந்தது.

தொடக்க காலத்தில் எரிந்தது தேங்காயெண்ணெய். கண்ணாடிக் குவளையில் பாதியளவு நீரை விட்டு, அதன்மேல் எண்ணெயை மிதக்கவிட்டுத் திரியிடுவது கீழை நாடுகளின் வழிபாட்டிடங்களில் நெடுங்காலம் நிலவிய முறை. எண்ணெய் தீர்ந்தால் சுடர் நீரைத் தொட்டு அவியும். கண்ணாடியின் அடி சுடாது, வெடிக்காது. பாதுகாப்பு அந்த அமைப்பிலேயே அடங்கியிருந்தது. அதைத் துலக்குவதும் எளிது. எண்ணெய்ப் பிசுக்கைச் சீயக்காயோ அரப்போ போக்கிவிடும்.

சுவிட்சர்லாந்து நாட்டு அர்கான் என்பார் 1780-களில் குழல் வடிவத் திரியையும் அதன்மேற் கவிக்கும் உயர்ந்த கண்ணாடிக் குழாயையும் அமைத்தபோது விளக்கின் இயல்பே மாறிற்று. அக்குழாய் காற்றை மேல்நோக்கி இழுப்பதால் சுடர் நிமிர்ந்து வெண்மையாக எரியும். தமிழர் வாயில் 'சிம்னி' என வழங்குவது இதுவே. 1853-இல் போலந்துக்காரராகிய வுகாசியேவிச் மண்ணெண்ணெய் விளக்கைச் செய்தார். 1859-இல் அமெரிக்காவின் பென்சில்வேனியாவில் எண்ணெய்க் கிணறு தோண்டப்பட்டது. 1892-இல் மியூரெக்ஸ் என்னும் தொட்டிக் கப்பல், கருங்கடல் துறையாகிய பாத்தூமிலிருந்து சூயஸ் கால்வாய் வழியாகச் சிங்கப்பூரை அடுத்த தீவுக்கு மண்ணெண்ணெயைக் கொணர்ந்தது. அதற்குமுன் அந்த எண்ணெய், பெட்டிக்கு இரண்டு தகர டின்னாக அடைக்கப்பட்டு வந்தது. மண்ணெண்ணெய் மலிந்தபின், செல்வர் மாளிகையில் பூ வரைந்த குடமும் பொன்விளிம்பும் கொண்ட மேசை விளக்கு ஏறியது. எளியோர் இல்லத்திலும் தோட்டத்து லயத்திலும் தகரச் சிம்னி விளக்கும் அரிக்கேன் விளக்கும் எரிந்தன.

புகை படிவது மண்ணெண்ணெயின் தீராத குறை. திரி சற்றே கோணினாலும் சிம்னி கறுத்துவிடும். ஆகவே மாலைதோறும் விளக்கு வைப்பதற்கு முன் சிம்னி துடைப்பது வீட்டின் கடமைகளுள் ஒன்றாயிற்று. அந்தப் பணி பெரும்பாலும் பிள்ளைகளிடம் விழுந்தது. காரணம் அன்பன்று, அவர்தம் சிறு கைதான் குழாய்க்குள் நுழையும். சலித்த அடுப்புச் சாம்பலைத் துணியில் தொட்டு உள்ளே சுழற்றி, பழைய செய்தித்தாளால் மெருகேற்றுவர். சாம்பலில் உள்ள காரம் பிசுக்கை அறுக்கும். அதன் நுண்துகள் புகையைச் சுரண்டும். வேதியியல் பாடம் கேளாத மூதாட்டியரும் இதனை அறிந்திருந்தனர். ஆயின் அவர்களே பூப்போட்ட குடத்தைச் சாம்பலருகே விடமாட்டார்கள். அதே சுரண்டல் பொன்விளிம்பையும் சேர்த்துக் கொண்டுபோய்விடும் என்பது அனுபவம் தந்த அறிவு.

சூடான சிம்னியில் ஒரு துளி நீர் பட்டால் அது பிளந்து விழும் என்பது வீட்டுப் பிள்ளைகள் கேட்ட முதல் எச்சரிக்கை. கண்ணாடி வெப்பத்தை மெதுவாகவே கடத்தும். நீர் பட்ட இடம் சட்டெனச் சுருங்க, சுற்றியுள்ள பகுதி விரிந்தபடியே நிற்க, இடையில் எழும் இழுவிசை தாளாமல் அது உடைகிறது. சாதாரணக் கண்ணாடி ஒரு பாகை செல்சியசுக்குப் பத்து இலட்சத்தில் ஏறத்தாழ 9 பங்கு நீளும். ஜெர்மனியின் ஜேனா நகரத்து ஓட்டோ ஷோட், போரான் கலந்து உருக்கிய கண்ணாடியில் அவ்விரிவை ஏறத்தாழ மூன்றிலொரு பங்காகக் குறைத்தார். அக்கண்ணாடி பெருவாரியாகப் பயன்பட்ட முதற்பொருள்களுள் விளக்குச் சிம்னியும் ஒன்று என்பதைச் சமையலறைக் கண்ணாடிப் பாத்திரத்தைக் கையாளும் நாம் நினைப்பதில்லை.

இடையில் வந்தது மேண்டில் விளக்கு. ஆஸ்திரியராகிய வெல்ஸ்பாக் 1885-இல் தொடங்கிச் செம்மைப்படுத்திய அந்த வலையில், தோரியம் ஆக்சைடு நூற்றுக்கு 99 பங்கும் சீரியம் ஆக்சைடு ஒரு பங்கும் இருந்தன. தோரியத்துக்குரிய மோனசைட் மணலை, கயிற்றில் ஒட்டிவந்த துகளைக் கொண்டு, ஷோம்பெர்க் என்னும் ஜெர்மானியர் 1909-இல் திருவிதாங்கூர்க் கரையில் இனங்கண்டார். அங்கு மணல் எடுக்கப்பட்ட மணவாளக்குறிச்சி இன்று தமிழ்நாட்டின் கன்னியாகுமரி மாவட்டத்தில் உள்ளது. மலாயாவின் ஈயச் சுரங்கக் கழிவாகிய 'அமாங்' மணலிலும் அதே கனிமம் இருந்தது. திருமண வீட்டில் சீறி எரிந்த பெட்ரோமாக்ஸ் விளக்கின் பின்னே நம் கடற்கரை மணலின் கதையும் உண்டு. அந்தப் பழைய மேண்டில்கள் சிறிதளவு கதிரியக்கம் உடையவை. உதிர்ந்த சாம்பலை வாயால் ஊதித் துடைத்த அக்காலப் பழக்கத்தை இன்று எவரும் பின்பற்றலாகாது. ஈரத்துணியால் ஒற்றியெடுத்துக் கையைக் கழுவிக்கொள்ள வேண்டும்.

மலாயாவில் மின்னாற்றலை முதன்முதல் தொழிலுக்குப் பயன்படுத்தியவருள் ஒரு தமிழர் இருந்தார். 1894-இல் ராவாங் ஈயச் சுரங்கத்தில் மின்பொறி அமைத்தவர்கள் லோக் இயூவும் தம்புசாமிப் பிள்ளையும் ஆவர். இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் ஜார்ஜ் டவுன் தெருக்களிலும் மின்னொளி பரவியது. மண்ணெண்ணெய் மேசை விளக்குகள் பலவற்றில் எண்ணெய்க் கிண்ணத்தின் மேல் பல்புத் தாங்கியைப் பொருத்தி, துணி சுற்றிய கம்பியை இழுத்துவிட்டனர். புகை நின்றது, அதனோடு நாள்தோறும் துடைக்கும் பழக்கமும் நின்றது. சுவிட்சைத் தட்டினால் எரியும் விளக்கை எவர் தினமும் தொடுவர்? ஆண்டுக்கொரு முறை, தீபாவளிக்கோ நோன்புப் பெருநாளுக்கோ வீடு கழுவும்போது, அதே வாளி நீரில் விளக்கும் நனைந்தது. முன்பு கண்ணாடிக்கு இருந்த ஆபத்து இப்போது துடைப்பவரின் உயிருக்கே வந்தது.

பெரிய இழப்பு பின்னரே நேர்ந்தது. பழைய கடைவீடுகளின் வாடகையைக் கட்டிப் போட்டிருந்த 1966-ஆம் ஆண்டுச் சட்டம் 2000 சனவரி முதல் நாளோடு பயனற்றுப் போக, தலைமுறை தலைமுறையாகக் குடியிருந்தோர் பலர் நகரின் நடுப்பகுதியை விட்டு அடுக்குமாடி வீடுகளுக்குப் பெயர்ந்தனர். புது வீட்டின் சிறு கூடத்தில் இடம் பெறாத பண்டங்கள் பழம்பொருட் சந்தைக்குப் போயின. 2008 சூலையில் ஜார்ஜ் டவுன் உலக மரபுடைமை நகராக ஏற்கப்பட்டபோது சூலியா தெருவின் சுவர்களும் ஓடுகளும் காப்புப் பெற்றன. சுவருக்குள் இருந்த விளக்கைக் காக்கும் சட்டம் ஏதுமில்லை. அது வீட்டாரின் கையறிவையே நம்பியிருந்தது. இன்று லோரோங் கூலிட் சந்தையில் ஒரு பழைய மேசை விளக்கை விலைபேசி வாங்கும் இளைஞருக்கு விளக்கு கிடைத்துவிடுகிறது. அந்தக் கையறிவு உடன் வருவதில்லை.

அவ்வறிவின் முதற்பாடம் பொறுமை. எரிந்துகொண்டிருந்த விளக்கு முற்றும் ஆறும்வரை தொடலாகாது. சுவிட்சை அணைப்பது போதாது. பிளக்கையே சுவரிலிருந்து பிடுங்கிவிட வேண்டும். பழைய கம்பியிணைப்பில் சுவிட்சு தவறான கம்பியைத் துண்டித்துக்கொண்டிருக்கக்கூடும். அப்போது அணைந்த விளக்கின் தாங்கியிலும் மின்சாரம் நின்றுகொண்டிருக்கும். பல்பைக் கழற்றித் தனியே வைத்தபின், கண்ணாடிக் குடத்தைப் பிடித்திருக்கும் திருகுகளைச் சிறிது சிறிதாகத் தளர்த்த வேண்டும். துணி சுற்றிய கம்பி நொறுங்கியிருந்தால் துலக்கும் வேலையை நிறுத்திவிட்டு மின்பணியாளரை அழைப்பதே முறை.

கழற்றிய குடத்தை மென்மயிர்த் தூரிகையால் முதலில் உலர்ந்தபடியே தூசு தட்டுவது நன்று. ஈரத்தை முந்தவிட்டால் தூசு மணற்சேறாகிக் கீறும். பூவேலையும் பொன்விளிம்பும் கண்ணாடியோடு சுட்டு இணைந்தவையா, மேலே பூசப்பட்டவையா என்பதை ஓரத்தில் ஈரப் பஞ்சால் ஒற்றிப் பார்த்தே அறியவேண்டும். பஞ்சில் நிறம் ஏறினால் அவ்விளக்குக்கு நீர் ஆகாது. ஏறாவிட்டால், அடியில் துவாலை விரித்த பிளாஸ்டிக் தொட்டியில், கைபொறுக்கும் இளஞ்சூட்டு நீரில் சில துளி மென்மையான பாத்திரச் சோப்பைக் கலந்து, வெறும் கண்ணாடியை மட்டும் கழுவலாம். ஓடும் குழாயின் கீழ் நீட்டுவோர் அதன் உலோக வாயில் மோதியே விளிம்பை இழக்கின்றனர். கடையில் விற்கும் அம்மோனியாக் கலவைத் திரவமும் சமையற்கட்டுப் புளிக்காடியும் வெறுங்கண்ணாடிக்குப் பொருந்தலாம். பொன்பூச்சுக்கும், ஈயப் பட்டையால் இணைத்த பல்வண்ணக் கண்ணாடிக்கும் அவை பகை. ஈயம் பட்ட துணியைச் சமையலறையில் மீண்டும் பயன்படுத்தலும் தகாது. அடிப்பாகத்தையும் தாங்கியையும் நன்றாகப் பிழிந்த துணியால் துடைத்தல் அன்றி நீரில் அமிழ்த்துதல் ஒருபோதும் ஆகாது. பித்தளைக்கு மெருகு போட விரும்புவோர் அதைக் கண்ணாடி பொருந்துமுன்பே முடித்துக்கொள்ள வேண்டும். திருகை மீண்டும் இறுக்கும்போது விரல் நுனியின் பிடி போதும். இறுகப் பிணித்த கண்ணாடிக்குச் சூட்டில் விரிய இடமிருக்காது. இணைப்புகள் எல்லாம் ஒரு நாளேனும் காற்றில் உலர்ந்தபின் பிளக்கைச் செருகலாம்.

இவ்வளவு செய்தும் சில பழைய குடங்களில் பால்போன்ற மங்கல் எஞ்சும். வாங்கியவர் அதனை அழுக்கென எண்ணி மணலும் இரும்புநாரும் கொண்டு தேய்க்கத் தொடங்குவார். அது அழுக்கன்று. பினாங்கு போன்ற கடலோர ஊரின் ஈரக்காற்று பல பத்தாண்டுகளாகக் கண்ணாடியிலுள்ள காரப்பொருளைச் சிறிது சிறிதாக உறிஞ்சியதால், மேற்பரப்பே சிதைந்து உண்டான நோய். கழுவினால் போகாது, தேய்த்தால் ஆழும். ஈரம் குறைந்த அறையில் வைத்து, உலர்ந்த பருத்தித் துணியால் அவ்வப்போது ஒற்றிவந்தால் மங்கல் மேலும் பரவுவது மட்டுப்படும்.