ஒளியைப் பங்கிடுதல்

1879 ஏப்ரலில் அமெரிக்காவின் கிளீவ்லாந்து நகரச் சதுக்கத்தில் சார்லஸ் பிரஷ் பன்னிரண்டு வில்விளக்குகளை ஏற்றிக் காட்டினார். அவை தொடராக இணைக்கப்பட்டவை. தொடரிணைப்பில் எல்லா விளக்குகளிலும் ஓடுவது ஒரே மின்னோட்டம். மின்னழுத்தமே அவற்றிடையே பங்கிடப்படுகிறது. தெருவுக்கு இது போதும். வீட்டுக்குப் போதாது: ஒருவர் தம் விளக்கை அணைக்கச் சுற்றைத் துண்டித்தால் ஊரே இருண்டுவிடும்.

பக்க இணைப்பில் ஒவ்வொரு விளக்கும் முழு மின்னழுத்தத்தையும் பெறுகிறது; ஒன்று அணைந்தாலும் பிற எரியும். ஆனால் கிளைகளின் மின்னோட்டமெல்லாம் ஒன்றுகூடி மூலக்கம்பியில் ஓடியாக வேண்டும். அன்றைய இழைவிளக்குகளின் மின்தடையோ மிகக் குறைவு. அவை இழுக்கும் மின்னோட்டத்தைத் தாங்கும் செப்புக்கம்பி கட்டுபடியாகாது. மின்னொளியை வீடுதோறும் பங்கிடும் கனவைக் கொள்ளிவாய்ப் பிசாசுக்கு ஒப்பிட்டார், பிரிட்டிஷ் அஞ்சல்துறைப் பொறியாளர் வில்லியம் பிரீஸ். அதுவும் 1879இல்தான்.

அவருடைய கணக்கில் பிழையில்லை. விளக்கு பற்றிய அனுமானமே பிழை. எடிசன் மெல்லிய கரியிழையால் மின்தடையை நூறு ஓமுக்கு மேல் உயர்த்தினார். ஏறத்தாழ 110 வோல்ட்டில், விளக்கொன்றுக்கு ஓர் ஆம்பியருக்கும் குறைவான மின்னோட்டமே போதுமானதாயிற்று, கம்பியும் மெலிந்தது. 1882 செப்டம்பர் 4 அன்று நியூயார்க்கின் பேர்ல் தெரு மின்நிலையம் இயங்கத் தொடங்கியது. அண்டை வீட்டை இருளாக்காமல் தன் விளக்கை அணைத்துவிட்டு உறங்கும் உரிமை, மனிதனுக்கு மின்னொளியிலும் கிட்டியது.