நால்வர், மூவர், ஒருவர்: ஒரு மலேசியத் தமிழ் இசைக்குழு எழுந்ததும் பிரிந்ததும்

"சார், யோகி பி ஏன் சார் குழுவ விட்டுட்டுத் தனியாப் போனாரு? சண்டையா?"

நான்காம் படிவ வரலாற்று வகுப்பில் ஒரு பையன் கேட்டான். காரணமும் விளைவும் பற்றிப் பேசிக்கொண்டிருந்த நேரம். 1511-இல் மலாக்கா ஏன் வீழ்ந்தது என்று கேட்டால் இதே பையன் மூச்சு விடாமல் ஐந்து காரணம் சொல்வான். தனக்குப் பிடித்த பாட்டுக்குழு என்று வந்ததும் 'சண்டையா?' என்ற ஒரே காரணத்தில் நின்றுவிட்டான். அவனுக்குச் சொன்ன பதிலைத்தான் கொஞ்சம் விரித்து இங்கே எழுதுகிறேன். கட்டுரைப் பயிற்சிக்கு ஆசிரியர்கள் பயன்படுத்திக்கொள்ளலாம்.

முதலில் ஒரு திருத்தம். அவன் 'குழு' என்று சொன்னது உண்மையில் இரண்டு குழுக்கள். ஒன்று பொயட்டிக் அம்மோ. அதில் யோகி பி, பாய்ண்ட் பிளாங்க், லேண்ட் ஸ்லைட், சி. லோகோ என்று நால்வர். மற்றது யோகி பி & நட்சத்ரா. அதில் யோகி பி, டாக்டர் பர்ன், எம்சி ஜெஸ் என்று மூவர். மாணவர்கள் இரண்டையும் குழப்பி எழுதுகிறார்கள். குழப்பினால் கதையே மாறிவிடும்.

1990-களின் கோலாலம்பூரை நினைத்துப் பாருங்கள். தோட்டங்கள் துண்டாடப்பட்டு, பால்மரமும் லயமும் போய், நம் மக்கள் நகரத்து அடுக்குமாடிகளுக்கு வந்து சேர்ந்திருந்த காலம். 1996-இல் ஆஸ்ட்ரோ வந்தது, வானவில் அலைவரிசை வீட்டுக்குள் வந்தது. மலாய் இசையில் கேஆர்யூ, ஃபோர் யூ டூ சி போன்ற குழுக்கள் ராப் பாடலை ஏற்கனவே வானொலிக்குக் கொண்டுபோயிருந்தன. தமிழ்நாட்டில் 1994-இல் 'காதலன்' படத்தின் 'பேட்டை ராப்' வந்து எல்லாரும் ஆடியாகிவிட்டது. ஆனால் அது படத்தில் வரும் ஒரு பாட்டு. படம் ஓடி முடிந்தால் அதுவும் முடிந்தது. ஒரு குழு தன் பெயரில், தன் வரிகளில், தன் வாழ்க்கையைப் பாடுவது வேறு விஷயம்.

பொயட்டிக் அம்மோ அதைச் செய்தது. 1998-இல் வந்த அவர்களின் முதல் தொகுப்பு 'இட்ஸ் எ நைஸ் டே டு பி அலைவ்'. ஆங்கிலம், மலாய், தமிழ், கண்டனீஸ் என்று நான்கு மொழிகள் ஒரே தொகுப்பில் இருந்தன. இந்த நாட்டில் பஸ் நிலையத்தில் அரைமணி நேரம் நின்றால் காதில் விழுவதும் அந்த நான்கும்தான். ஏஐஎம் விருது மேடை வரைக்கும் போனார்கள். 2000-இல் 'தி வேர்ல்ட் இஸ் யுவர்ஸ்' வந்தது. அவர்களுக்குப் பக்கத்திலேயே டூ ஃபேட் எழுந்து, மலேசிய ராப் என்றாலே ஒரு அலை என்று பேசும் நிலை வந்தது.

இங்கே கவனிக்க வேண்டியது, அந்தத் தொகுப்பில் தமிழ் நான்கில் ஒரு பங்கு என்பது. விருந்தில் ஒரு கூட்டு மாதிரி. இருக்கிறதே என்று நாம் மகிழ்ந்தோம். அது மட்டுமே போதுமா என்று யாரும் கேட்கவில்லை.

இதற்கு முன்னால் நம்மவர்கள் எப்படிப் பேர் வாங்கினார்கள் என்பதை வைத்துப் பார்த்தால் இது புரியும். பினாங்கில் 1960-களின் இறுதியில் டேவிட் ஆறுமுகம், லோகநாதன் ஆறுமுகம் என்ற சகோதரர்கள் தொடங்கிய அல்லிகேட்ஸ் குழு ஹாங்காங் போய்ப் பாடியது, திரும்பி வந்து மலாய்ப் பாடல்களால் நாட்டையே பிடித்தது. 'செஞும்லா கோலாலம்பூர்' தெரியாத மலேசியர் உண்டா? தமிழ்ப் பிள்ளைகள், மலாய்ப் பாட்டு, எல்லா இனத்து ரசிகர்களும். லோகநாதன் 2007 ஜூனில் காலமான பிறகும் டேவிட் அந்தப் பெயரை விடாமல் மேடையேறினார். அந்தக் குழு ஏன் அத்தனை காலம் நின்றது என்ற கேள்விக்குப் பின்னால் வருகிறேன்.

யோகி பி எடுத்த முடிவு இதற்கு நேர் எதிரானது. பொயட்டிக் அம்மோவின் ஓட்டம் குறைந்த பிறகு, தமிழை நான்கில் ஒன்றாக வைக்காமல் நடுவில் வைத்தார். ஆங்கிலம் துணைக்கு மட்டும் வந்தது. 2006-இல் யோகி பி & நட்சத்ரா பெயரில் 'வல்லவன்' தொகுப்பு வெளிவந்தது. அதில் 'மடை திறந்து' பாட்டு எல்லைகளைத் தாண்டி ஓடியது. மூலப்பாட்டு பாரதிராஜாவின் 'நிழல்கள்' படத்தில் 1980-இல் வந்தது. இளையராஜா இசை, எஸ்.பி.பி. குரல். படத்தில் அது வாய்ப்புத் தேடும் ஓர் இசைக்கலைஞனின் கனவு. கால் நூற்றாண்டு கழித்து, வாய்ப்புக்கு அலைந்த இன்னொரு நாட்டுப் பிள்ளைகள் அதை எடுத்துத் தங்கள் கதையைச் சேர்த்துப் பாடினார்கள். பொருத்தம் பார்த்துத்தான் எடுத்தார்கள் என்று நினைக்கிறேன்.

திரிங்காப்புக்கு அது எப்படி வந்தது? கோலாலம்பூரில் இருந்த அண்ணன்மார் தீபாவளிக்கு மலை ஏறி வந்தபோது வந்தது. பிரிஞ்சாங் பசார் மாலாமில் வந்தது. அதற்கப்புறம் கைத்தொலைபேசியில் புளூடூத் வழியாகப் பள்ளி பஸ்ஸுக்குள் பரவியது. ஒரு பக்கம் சுங்கை பாலாஸ், மறுபக்கம் புளூ வேலி, நடுவில் இந்தக் காய்கறி ஊர். குளிரில் ஜெர்சியை இழுத்து மூடிக்கொண்டு வந்த பையன்கள் வாய்க்குள்ளேயே முணுமுணுத்துக்கொண்டு இறங்குவார்கள். செய்யுள் மனனம் ஒப்புவிக்கச் சொன்னால் தலை குனிகிற அதே பையன்கள்.

அப்போது ஆசிரியர் அறையில் இதைப் பற்றி நல்ல பேச்சே இல்லை, ஒத்துக்கொள்கிறேன். "தமிழக் கெடுக்குறானுங்க" என்று சொன்னவர்களில் நானும் ஒருவன். இன்று யோசித்தால், நான் பாட்டைக் கேட்காமலே தீர்ப்புச் சொல்லியிருந்தேன்.

இதை யாப்பு வைத்தே பார்க்கலாம். ஆங்கில ராப் அடியின் கடைசியில் ஓசை ஒத்து வருவதை நம்பி நிற்பது. நம் இலக்கணத்தில் அது இயைபு. தமிழில் இயைபு மிகவும் மலிவு. வினைமுற்று கடைசியில் வருவதால், 'வருகிறேன், தருகிறேன், எழுதுகிறேன்' என்று யார் வேண்டுமானாலும் மணிக்கணக்கில் அடுக்கலாம். இரண்டு நிமிடத்தில் கேட்பவருக்குத் தூக்கம் வந்துவிடும். ஆகவே தமிழில் வேகமாகப் பாட வருபவன் எதுகையிடமும் மோனையிடமும் போய்த்தான் ஆக வேண்டும். முதலெழுத்து ஒன்றுவது மோனை, இரண்டாம் எழுத்து ஒன்றுவது எதுகை. சொல்லின் தலைப்பக்கத்தில் ஒலி மோதினால்தான் தாளத்தில் அடி விழும். மாணவர்களே, உங்களுக்குப் பிடித்த தமிழ் ராப் பாட்டு ஒன்றை எடுத்து, எதுகைக்கு ஒரு நிறம், மோனைக்கு ஒரு நிறம் என்று கோடு போட்டுப் பாருங்கள். நல்ல பாட்டில் தாள் நிறைந்துவிடும். சுமாரான பாட்டில் கடைசிச் சொல்லில் மட்டும்தான் நிறம் இருக்கும்.

சரி, பிரிவுக்கு வருவோம்.

'வல்லவன்' பேர் வாங்கியதும் கோடம்பாக்கம் கூப்பிட்டது. 2007-இல் 'பொல்லாதவன்' படத்தில் ஜி.வி. பிரகாஷ் இசையில் 'எங்கேயும் எப்போதும்' மறுபதிப்பில் யோகி பியின் குரல் வந்தது. இதில் ஒரு வேடிக்கை உண்டு. அந்தப் பாட்டின் மூலம் 1979-இல் வந்த பாலசந்தரின் 'நினைத்தாலே இனிக்கும்'. கமலும் ரஜினியும் ஒரு பாட்டுக்குழுவாகச் சிங்கப்பூர் போகிற படம் அது. குழுவைப் பற்றிய படத்துப் பாட்டின் வழியாக, ஒரு குழுவின் தலைவர் தனியாகத் தமிழ்ச் சினிமாவுக்குள் நுழைந்தார். பிறகு 2011-இல் 'ஆடுகளம்', 2017-இல் 'விவேகம்' என்று அழைப்புகள் வந்தன. டாக்டர் பர்னும் எம்சி ஜெஸும் அவரவர் வழியில் போனார்கள். பொயட்டிக் அம்மோவிலிருந்து வந்த பாய்ண்ட் பிளாங்க் 'ஈப்போ மாலி' மாதிரியான பாட்டுகளால் தனிப்பேர் எடுத்தார்.

இப்போது அந்தப் பையனின் கேள்வி. சண்டையா? நண்பர்களுக்குள் மனக்கசப்பு இருந்தாலும் இல்லாவிட்டாலும், வரலாற்று மாணவன் கேட்க வேண்டியது வேறு: அவர்கள் ஒன்றாக இருந்திருந்தால் எதை விற்றுச் சாப்பிட்டிருப்பார்கள்? தமிழ்ப் பாட்டின் காசு சினிமாவில் இருக்கிறது. சினிமா ஒரு குழுவை வேலைக்கு எடுப்பதில்லை. இசையமைப்பாளர் ஏற்கனவே இருக்கிறார், பாடலாசிரியர் இருக்கிறார், அவர்களுக்கு வேண்டியது ஒரு குரல், அதுவும் எட்டு வரிக்கு. மூன்று பேர் கதவைத் தட்டினால் ஒருவர்தான் உள்ளே போக முடியும். சினிமாவுக்கு வெளியே மலேசியத் தமிழ்ப் பாடலுக்கு இருந்த சந்தையோ சிறியது. அதையும் கள்ளக் குறுந்தட்டும் இலவசப் பதிவிறக்கமும் தின்றுகொண்டிருந்த வருடங்கள் அவை. நாங்கள் புளூடூத்தில் வாங்கிக் கேட்ட பாட்டுக்கு யாருக்கும் பத்து காசு போகவில்லை.

அல்லிகேட்ஸ் நின்றதற்கும் காரணம் இங்கேயே இருக்கிறது. அவர்கள் மலாய்ப் பாடலின் சந்தையில் நின்றார்கள். அங்கே இசைத்தட்டு, ஹோட்டல் மேடை, விருந்து நிகழ்ச்சி எல்லாம் குழுவையே கேட்டன. ரத்த உறவும் உதவியிருக்கும், ஆனால் அது மட்டும் போதாது. மொழியை முன்னால் வைத்ததால் நட்சத்ராவுக்குப் பேர் வந்தது. அந்த மொழியின் சந்தை சினிமாவிடம் இருந்ததால் குழு கரைந்தது. எழுச்சிக்கும் பிரிவுக்கும் காரணம் ஒன்றே என்று நான் சொல்வேன். மறுப்பவர்கள் மறுத்து எழுதலாம், நல்ல சான்று காட்டினால் முழு மதிப்பெண் தருவேன்.

வெளிநாட்டு எடுத்துக்காட்டு ஒன்றும் தரலாம். 1970-களின் இறுதியில் இங்கிலாந்தில் 'நியூ வேவ்' என்ற புதிய அலை இசை எழுந்தபோது, 1977-இல் லண்டனில் தொடங்கிய தி போலீஸ் குழுவிலும் மூவர்தான். 1980-இல் பம்பாய்க்குக்கூட வந்து பாடினார்கள். 1983-இல் ஐந்தாவது தொகுப்பு உச்சத்தைத் தொட்டது. 1985-இல் ஸ்டிங் தன் தனித்தொகுப்பை வெளியிட்டுவிட்டார். ஆனால் அங்கே நிலைமை வேறு. அந்தக் குழுவுக்குச் சந்தைப் பஞ்சம் இல்லை, உச்சத்தில் இருந்தபோதே கலைந்தது. ஒரே மாதிரி முடிவு, வேறு வேறு காரணம். ஒப்பீட்டு வினாவில் இந்த வேறுபாட்டைக் காட்டுங்கள்.

இன்னொரு எச்சரிக்கை. சில மாணவர்கள் 'வல்லவன்' வந்த 2006-ஐயும் கோலாலம்பூரில் பெரும் பேரணி நடந்த 2007 நவம்பர் 25-ஐயும் இணைத்து, பாட்டு எழுப்பிய உணர்ச்சிதான் பேரணிக்குக் காரணம் என்று எழுதியிருந்தார்கள். படிக்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அடுத்தடுத்து நடந்தது என்பதற்காக ஒன்று மற்றதைப் பெற்றதாகாது. இரண்டுக்கும் பின்னால் ஒரே தலைமுறையின் நகரத்து வாழ்க்கை இருந்தது என்று மட்டும் எழுதலாம். அதற்கு மேல் போனால் மதிப்பெண் போகும்.

பையனிடம் இவ்வளவும் சொன்னேன். கேட்டுவிட்டு, "அப்போ சினிமா கூப்பிடாம இருந்திருந்தா சேர்ந்தே இருந்திருப்பாங்களா சார்?" என்றான். மணி அடித்துவிட்டது. அதையே வீட்டுப்பாடமாக எழுதிக்கொண்டு வரச் சொன்னேன், இரண்டு பக்கம்.