காப்பு அவிழ்த்த பிறகு: ‘மணமகள்’ என்னும் சொல்லின் வரலாறு

1

2018 அக்டோபர் 31ஆம் தேதி தூத்துக்குடி சங்கர ராமேசுவரர் கோயிலில் ஒரு திருமணம் நடந்தது. மணமகன் ஓர் ஆண். மணமகள் திருநங்கை. இருவரும் இந்துக்கள், சடங்கும் இந்து முறைப்படி. திருமணத்தைப் பதிவு செய்யப் போனபோது இணைச் சார்பதிவாளர் முடியாது என்றார். மேல்முறையீட்டில் மாவட்டப் பதிவாளரும் அதையே சொன்னார். காரணம் ஒரே ஒரு சொல். 1955ஆம் ஆண்டு இந்துத் திருமணச் சட்டத்தின் 5ஆம் பிரிவு மணமகன், மணமகள் என்று பேசுகிறது. மணமகள் என்றால் பெண், திருநங்கை பெண்ணல்ல. ஆகவே திருமணம் திருமணமல்ல.

தூத்துக்குடி 1986 அக்டோபர் வரை நெல்லை மாவட்டம்தான். பொதிகையில் பிறந்து, பாபநாசம், அம்பாசமுத்திரம், சேரன்மகாதேவி, நெல்லை, ஸ்ரீவைகுண்டம் வழியாகப் புன்னைக்காயலில் கடல் சேரும் தாமிரபரணியின் தண்ணீரைக் குடிக்கிற ஊர். இந்தப் பள்ளத்தாக்கின் கடைமடையில் எழுந்த அந்தக் கேள்வி, மதுரைக் கிளை உயர்நீதிமன்றத்தில் 2019 ஏப்ரல் 22 அன்று விடை கண்டது. நீதிபதி ஜி.ஆர். சுவாமிநாதன், ‘மணமகள்’ என்ற சொல்லுக்கு உறைந்துபோன பொருள் கிடையாது, தன்னைப் பெண்ணாக அடையாளப்படுத்திக்கொள்ளும் திருநங்கையும் இடைப்பாலினத்தவரும் அச்சொல்லுக்குள் அடக்கம் என்று தீர்ப்பளித்தார். பதிவு செய்ய உத்தரவாயிற்று.

நம் எழுத்தாளர்களில் எத்தனை பேர் இதைக் கவனித்தோம்? சொல்லுக்கும் பொருளுக்கும் இயல்பான உறவு எதுவும் கிடையாது, அது சமூக ஒப்பந்தம் என்று முப்பது வருஷமாகச் சொல்லிவருகிறவர்கள் நாம். அந்தக் கோட்பாடு ஒரு பதிவு அலுவலகச் சன்னலில் ரெண்டு பேரின் வாழ்க்கையாக நின்றபோது, நாம் எங்கேயோ புத்தக விமர்சனக் கூட்டத்தில் இருந்தோம்.

2

பதிவாளரிடமிருந்த அகராதி எங்கிருந்து வந்தது? தமிழ் மரபிலிருந்து என்று பலர் நினைக்கிறார்கள். மரபைப் புரட்டிப் பார்த்தால் வேறு சங்கதி தெரிகிறது.

ஆண்மை திரிந்தவரைக் குறிக்கும் பெயரைத் தொல்காப்பியம் உயர்திணைக்குள் வைக்கிறது. அதற்கெனத் தனி விகுதி இல்லை, உயர்திணை விகுதிகளையே கொள்ளும் என்கிறது. பதின்மூன்றாம் நூற்றாண்டு நன்னூல் இன்னும் ஒரு படி போகிறது. பெண்மையை விட்டு ஆண்மையை அவாவுகிறவர் ஆண்பால். ஆண்மையை விட்டுப் பெண்மையை அவாவுகிறவர் பெண்பால். பால் எது என்பதை அவா முடிவு செய்கிறது! உச்ச நீதிமன்றம் 2014 ஏப்ரல் 15 அன்று நால்சா வழக்கில், பாலினத்தைத் தீர்மானிக்க அறுவைச் சிகிச்சை தேவையில்லை, தன்னடையாளமே போதும் என்றது. பவணந்தி முனிவர் அதற்குச் சுமார் எழுநூறு ஆண்டுகள் முந்தியவர்.

இங்கே நிறுத்திவிட்டால் ‘எங்கள் மரபில் எல்லாம் இருந்தது’ என்கிற பழம்பெருமைச் சொல்லாடலுக்குள் விழுந்துவிடுவோம். நன்னூல் அதே மூச்சில் இன்னொன்றும் சொல்கிறது: இவ்விருவரும் அஃறிணை போலவும் ஆகலாம். உயர்திணையில் இடம் கொடுத்த கையே அஃறிணைக்கும் கதவைத் திறந்து வைத்திருக்கிறது. நெல்லை ஜங்ஷனில் ஒரு திருநங்கை பஸ் ஏறும்போது, ‘எலே, அது வருது பாரு’ என்று ஒருத்தன் சொன்னால், அந்த ‘அது’ வெறும் தெருப் பேச்சல்ல. அதற்கும் ஒரு இலக்கண வம்சாவளி உண்டு. மரபுக்குள் விடுதலையும் இருக்கிறது, வெளியேற்றமும் இருக்கிறது. எதை எடுத்து ஆளுகிறோம் என்பது அரசியல்.

3

வழக்கமாக ஒரு மறுமொழி வரும். டீக்கடையில் எத்தனையோ தடவை கேட்டதுதான். ‘அண்ணாச்சி, இதெல்லாம் மேல்நாட்டுச் சீக்கு. நம்ம ஊர்ல ஏதுவே இது?’

நம்ம ஊரில் ஏது என்று பார்ப்போம். சுடலைமாடன் கொடையில் கணியான் கூத்து நடக்கிறது. அண்ணாவி கதை பாட, மகுடம் முழங்க, பெண் வேடமிட்ட ஆண்கள் ஆடுகிறார்கள். அவர்கள் இல்லாமல் சாமிக்குக் கொடை நிறையாது. குலசேகரன்பட்டினம் முத்தாரம்மன் தசராவில் ஆயிரமாயிரம் பேர் காப்புக் கட்டி வேஷம் போடுகிறார்கள். மீசையை மழித்துச் சேலை கட்டிக் காளியாகவும் குறத்தியாகவும் தெருத்தெருவாகக் காணிக்கை வாங்குகிற ஆண்களை யாரும் கேலி செய்வதில்லை, கும்பிடுகிறார்கள். வேஷம் போட்டவர் அந்த நாட்களில் அம்மன்.

ஆக, பால் எல்லையைத் தாண்டுவது இந்தப் பள்ளத்தாக்குக்குப் புதிதல்ல. அதற்கு இடமும் உண்டு, மரியாதையும் உண்டு. ஆனால் தவணை போட்டுத்தான் உண்டு. சூரசம்ஹாரம் முடிந்து காப்பு அவிழ்த்ததும் சேலையை மடித்து வைத்துவிட்டு ஆணாக வீட்டுக்கு வந்துவிட வேண்டும். அது ‘வேஷம்’ ஆக இருக்கும்வரை சமூகம் கையெடுத்துக் கும்பிடும். காப்பு அவிழ்த்த மறுநாளும் ஒருவர் சேலையை அவிழ்க்காமல், ‘இது வேஷமில்ல, இதுதான் நான்’ என்று சொன்னால், கும்பிட்ட கை அடிக்க ஓங்கும். சடங்கு என்பது மீறலை அனுமதிப்பதன் மூலமாகவே ஒழுங்கைக் காப்பாற்றிக்கொள்ளும் ஏற்பாடு. சட்ட உரிமை என்பது காப்பு அவிழ்த்த மறுநாளைப் பற்றியது. ரேஷன் அட்டை, வாடகை வீடு, வேலை, திருமணப் பதிவு. சாமியாக இல்லாமல் மனிதராக இருக்கும் மற்ற நாட்கள்.

4

மேல்நாட்டிலிருந்து வந்தது எது என்றால், தண்டனைதான். மெக்காலே தலைமையிலான ஆணையம் 1837இல் வரைந்த சட்டத்தின் வழிவந்த இந்தியத் தண்டனைச் சட்டம் 1862இல் நடைமுறைக்கு வந்தது. அதன் 377ஆம் பிரிவு ‘இயற்கைக்கு மாறான’ உறவு என்று ஒன்றைச் சொல்லி, ஆயுள் தண்டனை வரை விதித்தது. எது இயற்கை என்று அது விளக்கவில்லை. விளக்காமல் விட்டதுதான் அதன் பலம், காவலர் விளக்கிக்கொள்வார்.

1871இல் குற்றப்பரம்பரைச் சட்டம். அதன் முழுப்பெயரில் குற்றப் பழங்குடிகளோடு அலிகளும் இருந்தார்கள் என்பதை நாம் சுலபமாக மறந்துவிடுகிறோம். வட இந்தியாவில் அவர்களைப் பதிவேட்டில் ஏற்றினார்கள். பதியப்பட்டவர் பெண்ணுடையில் தெருவில் தெரிந்தாலோ ஆடினாலோ இரண்டாண்டு வரை சிறை. சிறுவர்களுக்குக் காப்பாளராக இருக்க முடியாது, உயில் எழுத முடியாது, தத்தெடுக்க முடியாது. 1911இல் வந்த புதிய சட்டத்தில் அந்தப் பகுதி இல்லை. ஆனால் அதே 1911 சட்டம்தான் சென்னை மாகாணத்துக்கு வந்து, கள்ளர்களையும் மறவர்களையும் காவல் நிலையத்தில் கைரேகை வைக்கச் செய்தது. ரேகைச் சட்டத்தின் கொடுமையைத் தென்மாவட்டங்களில் தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வருகிறோம். அதே ஏட்டின் மறுபக்கத்தில் யார் பெயர் இருந்தது என்பதையும் சொல்லியாக வேண்டும். பிறப்பாலேயே குற்றவாளி என்பதும், உடலாலேயே குற்றவாளி என்பதும் ஒரே அதிகாரத்தின் இரண்டு வாக்கியங்கள்.

377க்கு எதிரான முதல் வழக்கை 1994இல் தில்லியில் தொடுத்தது எய்ட்ஸ் பாகுபாட்டு எதிர்ப்பு இயக்கம். திகார் சிறையில் ஆணுறை வழங்க மறுக்கப்பட்டதிலிருந்து கிளம்பிய வழக்கு அது. 2009 ஜூலையில் தில்லி உயர்நீதிமன்றம் அப்பிரிவின் பல்லைப் பிடுங்கியது. 2013 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் பல்லைத் திரும்பக் கட்டியது. 2018 செப்டம்பர் 6இல் ஐந்து நீதிபதிகள், வயதுவந்தோரின் இசைவான உறவு குற்றமல்ல என்றார்கள். தூத்துக்குடித் திருமணம் நடந்தது அதற்கு இரண்டு மாதம்கூட ஆகாத சமயத்தில்.

5

1994இல் நாங்கள் என்ன செய்துகொண்டிருந்தோம்? பாளையங்கோட்டையில் அமைப்பியல், பின்அமைப்பியல் என்று இரவெல்லாம் பேசிய கூட்டத்தில் நானும் ஒருவன். அதிகாரம் உடலின் மேல் எழுதுகிறது என்று ஃபூக்கோவைச் சொல்லுவோம். பேசி முடித்து பஸ் ஸ்டாண்டுக்கு வந்தால், கைதட்டிக் காசு கேட்ட ஒருவரைக் கண்டு விலகி நடப்போம். ‘வர்க்கப் பிரச்சினை தீர்ந்தா இதெல்லாம் தானா தீரும் தோழர்’ என்று ஒரு சாரார். ‘சாதி ஒழிப்புதான் முதல்ல’ என்று இன்னொரு சாரார். விளிம்பு விளிம்பு என்று எழுதிய எங்களுக்கும் ஒரு விளிம்பு இருந்தது. இதைப் பாவமன்னிப்புக்காகச் சொல்லவில்லை. நம்மிடம் ஒரு முன்மாதிரி இருந்தும் அதைப் பார்க்கத் தவறினோம் என்பதற்காகச் சொல்கிறேன்.

அந்த முன்மாதிரி சுயமரியாதைத் திருமணம். 1928இல் அருப்புக்கோட்டைக்குப் பக்கம் சுக்கிலநத்தத்தில் தொடங்கிய வழக்கம். புரோகிதர் இல்லை, தீ இல்லை. ஆயிரக்கணக்கானோர் அப்படி மணந்தார்கள். 1953இல் சென்னை உயர்நீதிமன்றம் அத்தகைய ஒரு திருமணம் சட்டப்படி செல்லாது என்றது. அதாவது மனைவி மனைவியல்ல, பிள்ளைக்கு முறையான வாரிசுரிமை இல்லை. அண்ணா ஆட்சியில் 1967இல் இயற்றப்பட்டு 1968 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த 7-அ பிரிவுதான் அவற்றைச் செல்லுபடியாக்கியது. பழைய திருமணங்களையும் சேர்த்தே. நாற்பது வருஷம் ‘செல்லாத’ திருமணங்களோடு வாழ்ந்து, பிள்ளை பெற்று, கடைசியில் சட்டத்தை மாற்றியவர்கள் நம் பாட்டன் பாட்டிகள். சட்டம் ஒப்பாததால் வாழ்க்கை பொய்யாகிவிடாது என்பதைத் தமிழ்நாடு அனுபவித்தே அறிந்திருக்கிறது.

7-அ பிரிவை ஒருமுறை பிரதியாக வாசித்துப் பாருங்கள். ‘எந்த இரு இந்துக்களுக்கும்’ இடையிலான திருமணம் என்று ஆரம்பிக்கிறது. அடுத்து வரும்போது கணவன், மனைவி என்று சுருங்கிவிடுகிறது. ‘எந்த இரு’ என்பதற்கும் ‘கணவன், மனைவி’ என்பதற்கும் நடுவில் உள்ள இடைவெளியில்தான் இன்றைய சண்டை நடக்கிறது.

6

ஏனென்றால் தூத்துக்குடித் தீர்ப்பின் வெற்றிக்குள்ளேயே அதன் எல்லையும் இருக்கிறது. திருநங்கை ‘மணமகள்’ ஆக முடிந்தது, எதிரில் ஒரு ‘மணமகன்’ நின்றதால். ஆண் × பெண் என்னும் எதிர்வு கலையவில்லை. அதன் வாசல் அகலமாயிற்று. 2023 அக்டோபர் 17இல் உச்ச நீதிமன்றம் இதைத் துல்லியமாகக் கோடு போட்டுக் காட்டியது. ஆணோ பெண்ணோ எதிர்ப்பாலாரை மணக்கும் திருநர்களின் திருமணம் நடப்புச் சட்டங்களின்படியே செல்லும். ஒரே பாலினத்தவரின் திருமணத்தை நீதிமன்றம் அங்கீகரிக்க முடியாது, அது சட்டமன்றங்களின் வேலை என்றது.

இரண்டு பெண்கள் சேர்ந்து வாழ நினைத்தால்? மதுரையிலிருந்து சென்னைக்கு ஓடிவந்த இரு பெண்களின் வழக்கில், 2021 ஜூனில் நீதிபதி என். ஆனந்த் வெங்கடேஷ் காவல்துறைத் தொந்தரவைத் தடுத்தார்; ‘குணப்படுத்துகிறோம்’ என்ற பெயரில் நடக்கும் மருத்துவத்துக்குத் தடை சொன்னார். தனக்கே இந்த விஷயத்தில் முன்முடிவுகள் இருந்ததை ஒப்புக்கொண்டு, உளவியலாளரிடம் பாடம் கேட்டார். 2025 மே 22இல், இணையரிடமிருந்து பிரித்து வீட்டில் அடைக்கப்பட்ட 25 வயதுப் பெண்ணின் வழக்கில், குடும்பம் அமைக்கத் திருமணம் ஒன்றே வழியல்ல, தேர்ந்துகொண்ட குடும்பமும் குடும்பமே என்று உயர்நீதிமன்றம் கூறியது. அந்த அமர்விலும் நீதிபதி சுவாமிநாதன் இருந்தார்.

இதை நெல்லையில் வைத்துப் பார்க்க வேண்டும். 2025 ஜூலையில் பாளையங்கோட்டையில் ஒரு தலித் பொறியாளர், வேறு சாதிப் பெண்ணை நேசித்ததற்காகப் பட்டப்பகலில் வெட்டிக் கொல்லப்பட்டார். ஆணும் பெண்ணுமாய், சட்டம் முழுமையாக ஒப்புக்கொள்கிற காதல் அது. அதற்கே இந்த மண்ணில் இதுதான் விலை. இங்கே திருமணம் என்பது சாதி தன்னை மறு உற்பத்தி செய்துகொள்ளும் பட்டறை. மகளின் கருப்பைக்குக் காவல் நிற்கிற அதே வீடுதான், மகன் சேலை கட்டினால் வெளியே துரத்துகிறது. ஆணவக்கொலையை எதிர்ப்பவர்களும் பாலின உரிமை கேட்பவர்களும் வேறு வேறு கூட்டம் போடுவதில் எனக்கு அர்த்தம் தெரியவில்லை.

வயிற்றுப்பாடும் இதிலிருந்து தனியல்ல. 2008இல் தமிழ்நாடு அரவாணிகள் நல வாரியம் அமைத்தது. பிறகு திருநங்கை என்ற பெயர் வந்தது. பேர் மாறிற்று, வேலை வரவில்லை. தூத்துக்குடி மாவட்டத்தைச் சேர்ந்த தலித் திருநங்கைச் செயல்பாட்டாளர் கிரேஸ் பானு போன்றோர் கேட்பது கிடைமட்ட இடஒதுக்கீடு. 2015இல் அரசு திருநர்களை மிகவும் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலில் வைத்தது. அப்படியானால் தலித் திருநங்கை தன் சாதி ஒதுக்கீட்டை விடுவதா, பாலினத்துக்கான இடத்தை விடுவதா? ஒவ்வொரு பிரிவுக்குள்ளும் தனி இடம் கொடுத்தால் இந்தக் கேள்வி எழாது. 2024 ஜூனில் 1 விழுக்காடு அப்படி ஒதுக்கச் சொல்லி உயர்நீதிமன்றம் உத்தரவிட்டது. கோவில்பட்டிக்குப் பக்கம் மந்தித்தோப்பில் 2020இல் திருநங்கைகள் வீடுகளும் பால் கூட்டுறவுச் சங்கமும் பெற்றார்கள். மாடு கறந்து, சங்கத்தில் பால் ஊற்றிக் காசு வாங்குகிற காலை நேரம், எந்தத் தீர்ப்பைக் காட்டிலும் குறைந்ததல்ல.

7

தூத்துக்குடித் தீர்ப்பில் அதிகம் பேசப்படாத ஒரு பகுதி உண்டு. திருமணத்தைப் பற்றிய வழக்கில், இடைப்பாலினக் குழந்தைகளைப் பற்றியும் நீதிபதி உத்தரவிட்டார். ஆணா பெண்ணா என்று எளிதில் வகைப்படுத்த முடியாமல் பிறக்கும் சிசுவை, பெற்றோரின் அவமானத்துக்காக வெட்டித் தைத்து ஏதோ ஒரு பாலுக்குள் அடைக்கிற அறுவைச் சிகிச்சை கூடாது. உயிருக்கு ஆபத்தென்றால் மட்டுமே செய்யலாம். 2019 ஆகஸ்டில் தமிழக அரசு அதை அரசாணையாக்கியது. இந்தியாவில் அப்படிச் செய்த முதல் மாநிலம் தமிழ்நாடு.

இலக்கணம், சடங்கு, பதிவேடு, கத்தி என்று எல்லாம் ஒரே கேள்வியை இரண்டு விடைகளுக்குள் முடித்துவிடப் பார்க்கின்றன. அந்தச் சிசுவுக்கு இன்னும் பேச்சு வரவில்லை. அவா என்னவென்று சொல்லத் தெரியாது. அது வளர்ந்து தன் விகுதியைத் தானே தேர்கிறவரை காத்திருப்பதுதான் நியாயம் என்று சட்டம் ஒருவழியாகச் சொல்லிவிட்டது. நம் வீடுகளும் சங்கங்களும் கட்சி அலுவலகங்களும் காத்திருக்கத் தயாரா என்பதைப் பற்றி நாம் பேசியாக வேண்டும். நெல்லை நண்பர்கள் இதை மறுத்தேனும் எழுதுங்கள்.